அந்தப் பதினெட்டுக் கதைகளை வெளியே விடுங்கள்

அமெரிக்காவின் மெய்ன் மாநிலத்தில், பாங்கோர் நகரில், ஸ்டீபன் கிங்கின் ஆவணங்களைப் பாதுகாத்து வருபவர்களுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்புக்குரியவர்களுக்கு,

வணக்கம். உங்களில் யாருக்கும் தமிழ் தெரிந்திருக்காது. ஆனாலும் இதைத் தமிழில்தான் எழுதுகிறேன். பிள்ளைகளுக்குக் கதை எழுதச் சொல்லித்தருவது என் வேலை. உங்களிடம் கேட்கப்போவதும் அந்தப் பிள்ளைகளுக்காகத்தான். அவர்களும் அவர்களைப் பெற்றவர்களும் இதைப் படிக்க வேண்டும் என்று எனக்கு ஆசை. யாராவது ஒரு நல்ல மனசுக்காரர் ஆங்கிலத்தில் பெயர்த்து உங்களுக்கு அனுப்பிவைத்தால் சந்தோஷம். அனுப்பாவிட்டாலும் கேட்டுவைத்ததில் தப்பில்லை.

கேட்பது இதுதான். ஸ்டீபன் கிங்கும் அவருடைய நண்பர் கிறிஸ் செஸ்லியும் பள்ளிப் பையன்களாக இருந்தபோது, 1960இல், தாங்களே தட்டச்சு செய்து தாங்களே வெளியிட்ட ‘பீப்பிள், ப்ளேசஸ் அண்ட் திங்ஸ்’ என்ற சின்னத் தொகுப்பை, ஒரு எழுத்துப்பிழையைக்கூடத் திருத்தாமல், மலிவான நகல் பதிப்பாக வெளியிடுங்கள்.

இங்கே படிப்பவர்களுக்காகக் கொஞ்சம் விளக்கிவிடுகிறேன். நீங்கள் பொறுத்துக்கொள்ளுங்கள். உலகமே இன்று திகில் கதை என்றதும் நினைக்கும் ஆள் ஸ்டீபன் கிங். 1974இல் ‘கேரி’ நாவல் வந்தபோது அவருக்கு வயது 26. ஆனால் அவருடைய முதல் ‘புத்தகம்’ அதற்குப் பதினான்கு வருடம் முன்னாலேயே வந்துவிட்டது. பதினெட்டுக் குட்டிக் கதைகள்; பெரும்பாலும் ஆளுக்கொரு பக்கம், அவ்வளவுதான் நீளம். அவற்றில் எட்டு கிங் எழுதியவை. ஒன்பது செஸ்லி எழுதியவை. கடைசிக் கதை இருவரும் சேர்ந்து எழுதியது. ‘ட்ரையட் பப்ளிஷிங் கம்பெனி’ என்று பதிப்பகத்துக்கு ஒரு பெயரும் வைத்துக்கொண்டார்கள். 1963இல் இரண்டாம் பதிப்புகூடப் போட்டிருக்கிறார்கள் என்பதைப் பார்த்து நான் சிரித்துவிட்டேன். இங்கே பெரிய எழுத்தாளர்களுக்கே இரண்டாம் பதிப்பு லேசில் வாய்ப்பதில்லை.

இப்போது தெரிந்தவரை ஒரே ஒரு படிதான் மிச்சம். 1985இல் தன் பழைய தாள்களுக்கிடையே கிங் அதைக் கண்டெடுத்தார். அதிலும் இரண்டு கதைகள் இல்லை. ‘தி டைமென்ஷன் வார்ப்’, ‘ஐ'ம் ஃபாலிங்’ என்று பொருளடக்கத்தில் பெயர் இருக்கிறது, கதை காணாமல் போய்விட்டது. மற்றவற்றை ஆய்வாளர்கள் படித்துச் சுருக்கம் எழுதியிருக்கிறார்கள். எங்களைப் போன்றவர்களுக்குக் கிடைப்பது அந்தச் சுருக்கங்கள்தான்.

முன்பு கிங்கின் தாள்கள் அவர் படித்த மெய்ன் பல்கலைக்கழகத்தின் ஃபோக்லர் நூலகத்தில் இருந்தன. 2019இல் பாங்கோர் நகர மன்றம் அனுமதி தந்த பிறகு, வெஸ்ட் பிராட்வேயில் உள்ள கிங்கின் வீடே ஆவணக் காப்பகமாக மாறியது. இரும்புக் கேட்டில் வௌவால் சிறகு விரித்திருக்கும் அந்தச் சிவப்பு வீட்டைப் படத்தில் பார்க்காத கிங் வாசகர் இருக்க மாட்டார். முன்கூட்டியே அனுமதி வாங்கியவர்கள்தான் உள்ளே வரலாம் என்பது உங்கள் ஏற்பாடு. அதில் எனக்குக் குறை இல்லை. எல்லோரையும் உள்ளே விட்டால் தாள் மிஞ்சாது. நான் கேட்பது உள்ளே வருவதற்கு அனுமதி இல்லை. ஒரே ஒரு கையேடு வெளியே வருவதற்கு அனுமதி.

அந்தக் கையேடு எங்கிருந்து முளைத்தது என்று பார்த்தால்தான் அதை ஏன் கேட்கிறேன் என்பது புரியும்.

கிங்கின் அப்பா, மகனுக்கு இரண்டு வயதிருக்கும்போது வீட்டை விட்டுப் போனவர், திரும்பவே இல்லை. அம்மா ரூத் கிடைத்த வேலையைச் செய்து இரண்டு பையன்களையும் வளர்த்தார். ஒன்றாம் வகுப்பில் தட்டம்மை, தொண்டைப் புண், காதுவலி என்று மாறிமாறிப் படுக்கையில் கிடந்த சிறுவன், காமிக்ஸ் புத்தகங்களைப் பார்த்து வரிக்கு வரி நோட்டில் எழுதிக்கொண்டிருந்தான். அம்மாவிடம் காட்டினான். ‘நீயே யோசித்ததா?’ என்று கேட்டார். பெரும்பாலும் காப்பி அடித்தது என்று ஒப்புக்கொண்டான். ‘சொந்தமாக ஒன்று எழுது, உன்னால் இதைவிட நன்றாக எழுத முடியும்’ என்றார் அம்மா. ஒரு முயல் தலைமை தாங்கும் நான்கு மிருகக் கதைகள் வந்தன. கதைக்கு 25 செண்ட் கொடுத்து வாங்கி, தன் நான்கு சகோதரிகளுக்கும் அனுப்பிவைத்தார். எழுத்தில் தான் சம்பாதித்த முதல் டாலர் அதுதான் என்று ‘ஆன் ரைட்டிங்’ என்ற தன் சுயசரிதை நூலில் கிங் சொல்கிறார். கையில் காசு புரளாத வீட்டில் ஒரு டாலர் என்பது சின்ன விஷயம் இல்லை.

அப்புறம் அண்ணன் டேவிட். இரண்டு வயது மூத்தவர். ‘டேவ்ஸ் ராக்’ என்று ஒரு பத்திரிகை நடத்தினார். டர்ஹம் என்கிற அந்தச் சிற்றூரில் 1962இல் மொத்தமே சுமார் 900 பேர்தான். விலை 5 செண்ட். முதலில் வீட்டாருக்காக ஐந்து படி. பிறகு ஐம்பது அறுபது படி வரை போனதாகக் கிங் எழுதியிருக்கிறார். ஆரம்பத்தில் அச்சிட்டது ஹெக்டோகிராஃப் முறையில். ஒரு தட்டில் ஜெல்லி. ஊதா மையில் எழுதிய மூலத்தாளை அதன்மேல் அழுத்தினால் மை ஜெல்லியில் இறங்கும். பிறகு வெற்றுத்தாளை ஒவ்வொன்றாக வைத்து எடுக்க வேண்டும். எடுக்க எடுக்க எழுத்து வெளிறிக்கொண்டே போகும். அந்த வேகம் டேவிட்டுக்குப் போதவில்லை. பழைய உருளை அச்சு இயந்திரம் ஒன்றைப் பிடித்துவந்து நிலவறையில் வைத்தார். எங்கள் ஊரில் சைக்ளோஸ்டைல் என்போமே, அந்த வகையறா. தம்பியின் ‘ஜம்பர்’, ‘ரஷ் கால்’ என்ற கதைகள் அந்தப் பத்திரிகையில் வந்தவைதான்.

கிங்குக்குப் பதினொரு வயதானபோது கிறிஸ்துமஸ் பரிசாக அம்மா ஒரு ராயல் தட்டச்சு இயந்திரம் கொடுத்தார். அதே காலகட்டத்தில் அம்மாவின் சகோதரி வீட்டு மேல்மாடத்தில் ஒரு பெட்டி கிடைத்தது. அப்பா விட்டுச்சென்ற புத்தகங்கள். அதில் அந்தக் காலத்துத் திகில் எழுத்தாளர் எச். பி. லவ்கிராஃப்ட் கதைகளின் தொகுப்பு ஒன்றும் இருந்தது. அந்த அப்பாவும் திகில் கதைகள் எழுதிப் பத்திரிகைகளுக்கு அனுப்பிப் பார்த்தவர்தானாம். ஒன்றும் விலைபோகவில்லை, ஒன்றும் மிஞ்சவும் இல்லை என்று கிங் குறிப்பிடுகிறார். ஒரே வீட்டில் அப்பன் எழுதியது அடியோடு போனது. மகன் எழுதியதில் ஒரு படி தப்பியது. அந்த ஒரு படிதான் இப்போது உங்கள் கையில்.

நான் வகுப்பில் அடிக்கடி சொல்லும் சம்பவம் ஒன்று உண்டு. 1961இல் ரோஜர் கோர்மன் இயக்கிய ‘தி பிட் அண்ட் தி பெண்டுலம்’ படம் வந்தது. கிங்கும் செஸ்லியும் சாலையில் போகிற காரை மறித்து ஏறி, லூயிஸ்டன் நகரின் ரிட்ஸ் தியேட்டருக்குப் போய்ப் பார்த்தார்கள். திரும்பி வரும்போதே கிங்குக்கு யோசனை பிறந்துவிட்டது. படத்தின் கதையைத் தன் பாணியில் எட்டுப் பக்கத்துக்கு எழுதி, அண்ணனின் இயந்திரத்தில் நாற்பது படி ஓட்டி, ‘வெரி இம்பார்ட்டன்ட் புக்’ என்பதன் சுருக்கமாக ‘வி.ஐ.பி.’ புத்தகம் என்று முத்திரையும் போட்டு, பள்ளிக்குக் கொண்டுபோனான். விலை 25 செண்ட். அன்று பள்ளி முடிவதற்குள் மூன்று டஜன் விற்றுவிட்டது. பையில் ஒன்பது டாலர் சில்லறை. காப்புரிமை என்று ஒன்று இருப்பதே அந்தப் பையனுக்குத் தெரியாது.

மாலையில் தலைமையாசிரியை கூப்பிட்டனுப்பினார். பள்ளியைச் சந்தைக்கடை ஆக்கக் கூடாது என்றார்; அது நியாயம்தான். அதோடு நிற்கவில்லை. இவ்வளவு திறமை இருந்தும் ஏன் இப்படிக் குப்பையை எழுதுகிறாய் என்று கேட்டார். கேட்கும்போது அந்தப் படியைச் சுருட்டிக் கையில் வைத்திருந்தாராம், கம்பளத்தை அசுத்தம் செய்த நாயை அதட்டுவதற்குச் செய்தித்தாளைச் சுருட்டுவார்களே, அந்த மாதிரி. பையனிடம் பதில் இல்லை. வெட்கமாக இருந்தது. காசைத் திருப்பிக் கொடுத்தான். புத்தகத்தை நாங்களே வைத்துக்கொள்கிறோம் என்று சொன்ன நிறைய பேருக்கும் சேர்த்துத்தான் கொடுத்தான். கடைசியில் நஷ்டம்தான். அதன் பிறகு பல வருடங்கள், தேவைக்கு மேலேயே, எழுதுவதைப் பற்றி வெட்கப்பட்டுக்கொண்டிருந்தேன் என்று கிங் எழுதுகிறார். எழுதுகிற யாரையும் யாராவது ஒருவர் ‘திறமையை வீணடிக்கிறாய்’ என்று சொல்லத்தான் செய்வார் என்பது புரிய அவருக்கு நாற்பது வயது ஆனதாம்.

இந்த இடத்தில்தான் உங்களிடம் எனக்கு வழக்கு. ஒரு பையனுடைய எழுத்து வெளியே தலைகாட்டத் தகாதது என்பது அந்தத் தலைமையாசிரியையின் தீர்ப்பு. உலகம் முழுக்கக் கிங்கின் புத்தகங்கள் விற்றுக் குவிந்த பிறகும், அவருடைய முதல் தொகுப்பு மட்டும் பூட்டிய அறைக்குள் இருக்கிறது. உங்கள் நோக்கம் வேறாக இருக்கலாம். ஆனால் வெளியிலிருந்து பார்க்கிற பிள்ளைக்கு அந்தத் தீர்ப்பு இன்னும் அமலில் இருப்பதாகத்தான் தெரியும். பெரிய எழுத்தாளர் ஆன பிறகும் சின்ன வயதில் எழுதியதை ஒளித்துத்தான் வைக்க வேண்டும் போலிருக்கிறது என்று அது புரிந்துகொள்ளும்.

என் வகுப்புக்கு வருகிற பிள்ளைகளில் பாதிப் பேருக்குப் பேய்க்கதைதான் பிடிக்கிறது. எழுதச் சொன்னால் புளியமரம், பூட்டிய பங்களா, கிணறு என்று கிளம்பிவிடுவார்கள். பிறகு நூலகத்தில் ஒரு அச்சிட்ட நாவலை எடுத்துப் பார்த்துவிட்டு, தன் நோட்டை மூடிவைத்துவிடுவார்கள். பதினைந்து முறை திருத்தி, பதிப்பாசிரியர் கை வைத்து, அட்டை போட்டு வந்த புத்தகத்தோடு தன் முதல் வரியை வைத்துப் பார்க்கிறார்கள். அந்த ஒப்பீடே தப்பு என்று வாயால் சொல்லலாம். அவர்கள் கேட்க மாட்டார்கள். ‘இந்தா, இவர் உன் வயதில் எழுதியது’ என்று கையில் கொடுக்க ஒரு தாள் வேண்டும்.

அந்தக் கதைகள் மோசம்தானே என்று கேட்பீர்கள். மோசம்தான். அதுதான் எனக்கு வேண்டும். ‘தி ஹோட்டல் அட் தி எண்ட் ஆஃப் தி ரோட்’ கதையில் போலீஸ் துரத்த ஓடிவரும் இரண்டு திருடர்கள் ஒரு விடுதியில் தங்குகிறார்கள். காலையில் கண் விழித்தால் கைகால் அசையவில்லை. விடுதிக்காரர் நடத்தும் அருங்காட்சியகத்தில் உயிருள்ள காட்சிப்பொருள் ஆகிவிட்டார்கள். ‘தி கர்ஸ்ட் எக்ஸ்பெடிஷன்’ கதையில் வெள்ளி கிரகத்தில் இறங்கும் இரண்டு விண்வெளி வீரர்களை அந்தக் கிரகமே தின்றுவிடுகிறது. மூடுபனிக்குள் நடந்துபோகிறவன் காலம் தப்பி 2007க்குப் போய், இன்னொரு முறை டைனோசர் காலத்துக்குப் போகிறான். எழுதும் பையனுக்கு 2007 என்பது எட்டாத தூரம். அந்த வருடத்தையும் தாண்டி உயிரோடிருந்து நாவல் எழுதுவோம் என்று அவன் எங்கே கண்டான்!

இவற்றில் எனக்கு மிகவும் பிடித்தது கிணற்றுக் கதை. ஓகில்தோர்ப் க்ரேட்டர் என்று ஒரு கெட்ட பையன். பூச்சிகளை வதைப்பான், நாயைக் கொடுமைப்படுத்துவான், வீட்டு வேலைக்காரியை விழவைப்பான். கிணற்றடியிலிருந்து ஒரு குரல் அவனைக் கூப்பிடுகிறது, இறங்கிப் போகிறான். பிறகு அவன் உடலைக் கண்டெடுக்கும்போது, அவன் மற்ற உயிர்களுக்குச் செய்ததெல்லாம் அவனுக்கு நடந்திருக்கிறது. ஒரே பக்கம். பெயரிலேயே பையனின் குறும்பு தெரிகிறது பாருங்கள், ஓகில்தோர்ப்! மளமளவென்று நடக்கிறது, நியாயம் உடனே கிடைத்துவிடுகிறது, குரல் யாருடையது என்று விளக்க நேரமே இல்லை. பன்னிரண்டு வயதில் எல்லாப் பிள்ளைகளும் இப்படித்தான் எழுதுவார்கள். என் வகுப்பில் போன மாதம் வந்த கதைகளில் ஒன்றை இதற்குப் பக்கத்தில் வைத்தால் எது எவருடையது என்று சொல்ல உங்களுக்கும் கொஞ்சம் நேரம் பிடிக்கும்.

கிங் ரசிகர்கள் இந்தக் கிணற்றைப் பார்த்ததும் ‘இட்’ நாவலின் சாக்கடை ஞாபகம் வருகிறது என்பார்கள், மூடுபனியைப் பார்த்ததும் ‘தி மிஸ்ட்’ என்பார்கள். சொல்லிவிட்டுப் போகட்டும். எனக்கு அந்த விதை தேடும் வேலையில் பெரிய ருசி இல்லை. உலகத்தில் பேய்க்கதை எழுதும் பிள்ளைகளில் பாதிப் பேர் கிணற்றையும் மீதிப் பேர் பனியையும் எழுதியிருப்பார்கள். அவர்களில் ஒருவர் தொடர்ந்து எழுதினார் என்பதுதான் எனக்கு முக்கியம்.

எழுத்தாளரின் உரிமை என்று ஒன்று இருக்கிறது, அதை மறுக்கவில்லை. கிங் பள்ளி நாட்களில் எழுதத் தொடங்கி, 1977இல் ரிச்சர்ட் பாக்மன் என்ற புனைபெயரில் வெளியிட்ட ‘ரேஜ்’ நாவலை, அமெரிக்கப் பள்ளிகளில் துப்பாக்கிச் சூடுகள் நடந்த பிறகு அவரே அச்சிலிருந்து நிறுத்திவிட்டார். அந்த முடிவுக்கு நான் கைதட்டுவேன். பள்ளி மாணவன் துப்பாக்கியோடு வகுப்பறையைப் பிடிக்கும் கதை அது. அதைப் பிடிவாதமாக விற்றுக்கொண்டிருக்காமல் விட்டது பெரிய மனது. ஆனால் வெள்ளி கிரகம் தின்றுபோட்ட விண்வெளி வீரர்களால் யாருக்கு என்ன கெடுதல்? இங்கே தடுப்பது ஆபத்து இல்லை, கூச்சம். அந்தக் கூச்சத்தையும் கிங் முன்பே சில முறை தாண்டியிருக்கிறார் என்பதை உங்களுக்கே நினைவூட்ட வேண்டியதில்லை.

2000இல் ‘சீக்ரெட் விண்டோஸ்’ தொகுப்பில் ‘ஜம்பர்’, ‘ரஷ் கால்’ இரண்டும் அச்சேறின. அண்ணன் பத்திரிகையில் வந்த அந்தப் பிள்ளை எழுத்தை அப்போது யாரும் மறைக்கவில்லை. அதற்கும் முன்னால் 1994இல் இன்னொன்று நடந்தது. சிறுவனாக இருந்தபோது ‘ஸ்பேஸ்மென்’ பத்திரிகைக்குக் கிங் அனுப்பிய ‘தி கில்லர்’ என்ற கதையை அதன் ஆசிரியர் ஃபாரஸ்ட் அக்கர்மன் பிரசுரிக்கவில்லை, ஆனால் தூக்கியும் போடவில்லை. சுமார் இருபது வருடம் கழித்து ஒரு புத்தகக் கடையில் கிங் கையெழுத்துப் போட்டுக்கொண்டிருக்கும்போது, வரிசையில் வந்து அந்தப் பழைய தட்டச்சுத் தாள்களை நீட்டினார் அந்த மனிதர். அந்த ராயல் இயந்திரத்தில் அடித்த தாள்கள்! பிறகு ‘ஃபேமஸ் மான்ஸ்டர்ஸ் ஆஃப் ஃபிலிம்லேண்ட்’ இதழில் அது வந்தது. தொழிற்சாலையில் தான் யாரென்றே தெரியாமல் கண் விழிப்பவன், கடைசியில் ஒரு ரோபோ. ‘பீப்பிள், ப்ளேசஸ் அண்ட் திங்ஸ்’ தொகுப்பில் உள்ள ‘ஐ'வ் காட் டு கெட் அவே!’ கதையின் வளர்ந்த வடிவம்தான் அது. வளர்ந்தது வெளியே இருக்கிறது, முளை மட்டும் உள்ளே என்றால் அதில் என்ன கணக்கு?

மற்றவர்கள் என்ன செய்தார்கள் என்றும் பார்க்கலாம். லிவர்பூலைச் சேர்ந்த ராம்சே காம்ப்பெல் பதினொரு வயதில் எழுதிய ‘கோஸ்ட்லி டேல்ஸ்’ 1987இல் ‘க்ரிப்ட் ஆஃப் துல்ஹூ’ இதழின் தனிச் சிறப்பிதழாக வந்தது. அப்போது அவர் பேர்பெற்ற திகில் எழுத்தாளர். அவர் பேர் ஒன்றும் கெட்டுவிடவில்லை.

கிங் பெட்டியில் கண்டெடுத்தாரே லவ்கிராஃப்ட், அவர் கதை நேர்மாறு. பிராவிடன்ஸ் நகரில் அவரும் சின்ன வயதிலேயே பதிப்பாளர்தான். 1902இல் எழுதிய ‘தி மிஸ்டீரியஸ் ஷிப்’ கதைக்கு ‘தி ராயல் பிரஸ்’ என்று பதிப்பகப் பெயர் போட்டிருந்தார். (கிங்கின் தட்டச்சு இயந்திரமும் ராயல். சும்மா ஒரு தற்செயல்; ஆனால் சொல்லாமல் இருக்க முடியவில்லை.) 1903இல் தொடங்கிய வானியல் பத்திரிகையை அவர் பிரதி எடுத்தது அதே ஜெல்லித் தட்டில், டேவிட் கிங்குக்கு அரை நூற்றாண்டு முன்னால். பதினெட்டு வயதானபோது, 1908இல், தன் சிறுவயதுக் கதைகளைக் குப்பை என்று முடிவுகட்டி இரண்டைத் தவிர மற்றதை அழித்ததாக அவரே எழுதியிருக்கிறார். அப்படியும் சில குழந்தைக் கதைகள் எப்படியோ தப்பின. அவை புத்தகமாக வந்தது 1959இல், அவர் இறந்து 22 வருடம் கழித்து, ஆர்காம் ஹவுஸ் வெளியீடாக. ஆள் போன பிறகு வந்ததால் அவற்றைப் பற்றி ஒரு வார்த்தை கேட்க முடியாமல் போனது. கிங் இருக்கிறார், தினமும் எழுதிக்கொண்டும் இருக்கிறார். அவரிடம் கேட்டுச் செய்ய இதைவிட நல்ல நேரம் வராது.

ஞாபகத்தை மட்டும் நம்ப முடியாது என்பதற்கும் உங்கள் அலமாரியிலேயே சான்று உண்டு. பள்ளியில் திட்டு வாங்கிய பிறகு, விடுமுறையில் ‘தி இன்வேஷன் ஆஃப் தி ஸ்டார் கிரீச்சர்ஸ்’ என்று சொந்தக் கதை ஒன்றை நான்கு டஜன் படி அச்சிட்டு, நான்கைந்து தவிர எல்லாவற்றையும் விற்றதாகக் கிங் எழுதுகிறார். தாளாக மிஞ்சியிருப்பதோ ‘தி ஸ்டார் இன்வேடர்ஸ்’, தேதி 1964, ‘கேஸ்லைட் புக்ஸ்’ என்று இன்னொரு பதிப்பகப் பெயர் வேறு. நாற்பது வருடம் கழித்து எழுதும் சுயசரிதையில் பெயரும் வருடமும் இப்படி நழுவும், இயற்கைதான். தாள் நழுவாது. அதற்காகத்தானே நீங்கள் காப்பகம் வைத்திருக்கிறீர்கள்.

இப்போது செஸ்லிக்கு வருகிறேன். எனக்கு இதுதான் பெரிய மனக்குறை. எங்கே பார்த்தாலும் ‘கிங்கின் முதல் புத்தகம்’ என்கிறார்கள். பதினெட்டில் ஒன்பது செஸ்லி எழுதியது. கிங் எழுதியதைவிட ஒன்று கூடுதல். சுருக்கம் எழுதுகிற ஆய்வாளர்கள் கிங்கின் கதை ஒவ்வொன்றுக்கும் பத்தி பத்தியாக எழுதிவிட்டு, செஸ்லி கதைகளின் தலைப்பைக் கூட ஒரு வரியில் முடித்துவிடுகிறார்கள். ‘ஜீனியஸ்’, ‘ப்ளடி சைல்ட்’, ‘தே'வ் கம்’, ‘ஸ்கேர்ட்’... தலைப்பைப் பார்த்தாலே படிக்கத் தோன்றவில்லையா? காரை மறித்து ஏறி சினிமாவுக்குப் போன இரண்டு பேரில் ஒருவர் உலகப் பிரபலம் ஆனார், மற்றவர் ஆகவில்லை. 1960இல் அது யாருக்கும் தெரியாது. அன்று அவர்கள் சமமான பங்காளிகள். புத்தகம் வெளிவந்தால் அட்டையில் இரண்டு பெயரும் ஒரே அளவு எழுத்தில் இருக்க வேண்டும். செஸ்லி தரப்பின் சம்மதம் இல்லாமல் இது நடக்கவே கூடாது. வருமானத்தில் சரிபாதி அந்தத் தரப்புக்குப் போக வேண்டும். கிங்கின் எட்டை மட்டும் பிரித்தெடுத்துப் போடும் யோசனை யாருக்காவது இருந்தால், தயவுசெய்து இந்த மடலைக் கிழித்துப் போட்டுவிட்டு, அந்த யோசனையையும் சேர்த்துப் போட்டுவிடுங்கள்.

எங்கள் பக்கம் கையெழுத்துப் பத்திரிகை என்று ஒரு வழக்கம் இருந்தது. நான்கைந்து நண்பர்கள் சேர்ந்து ஒரே ஒரு படி எழுதி, படம் வரைந்து, தைத்து, வீடு வீடாகச் சுற்றுக்கு விடுவார்கள். கடைசியில் வாசகர் கருத்துக்கு வெற்றுத்தாள் இருக்கும். தமிழில் எழுத்தாளர் ஆன பலர் அந்த வழியாக வந்தவர்கள்தான். கூட எழுதிய நண்பர்கள் பிறகு வங்கியிலும் ரயில்வேயிலும் வேலைக்குப் போயிருப்பார்கள். அந்தப் படிகளில் பெரும்பாலானவை போன இடம் தெரியவில்லை. அதனால்தான் எங்கோ மெய்னில் ஒரு படி பத்திரமாக இருக்கிறது என்று கேட்டதும் எனக்கு இவ்வளவு ஆர்வம்.

எப்படி வெளியிட வேண்டும் என்பதிலும் எனக்குக் கறாரான கருத்து உண்டு. கிங் புத்தகங்களுக்கு ஒரு சேகரிப்பாளர் சந்தை இருக்கிறது: எண்ணிட்ட படி, கையெழுத்திட்ட படி, தோல் கட்டு, பெட்டி. வேண்டவே வேண்டாம். ஆயிரம் பேர் வாங்கிக் கண்ணாடி அலமாரியில் வைத்துப் பூட்டினால் இப்போதுள்ள நிலைமைக்கும் அதற்கும் வித்தியாசம் இல்லை. அன்று கிங் பள்ளியில் விற்ற விலை 25 செண்ட். இன்றைக்கு அது கட்டாது, சரி. ஆனால் ஒரு பள்ளிப் பிள்ளை கைச்செலவுக் காசில் வாங்கும் விலையாக இருக்கட்டும். தட்டச்சுத் தாளின் புகைப்பட நகல், சாதாரணக் காகிதம், நடுவில் இரண்டு பின். பின் என்றதும் ஞாபகம் வருகிறது: கிங் ஒரு முறை ஆல்ஃபிரட் ஹிட்ச்காக் மர்ம இதழுக்குக் கதை அனுப்பியபோது, திரும்பி வந்த அச்சடித்த மறுப்புச் சீட்டில் கையால் எழுதியிருந்த ஒரே குறிப்பு, கையெழுத்துப் பிரதிக்குப் பின் அடிக்காதே, தாள்களுக்கு க்ளிப் மட்டும் போட்டு அனுப்பு என்பதுதான். அந்தச் சீட்டையும் மற்ற மறுப்புச் சீட்டுகளையும் சுவரில் ஒரு ஆணியில் குத்திவைத்தார். பதினான்கு வயதுக்குள் ஆணி பாரம் தாங்கவில்லை. பெரிய ஆணியாக மாற்றிக்கொண்டு எழுதினார். இந்தப் புத்தகத்துக்காவது பின் அடிக்கலாம், யாரும் திட்ட மாட்டார்கள்.

முன்னுரை எழுதப் பிரபலங்களைக் கூப்பிடாதீர்கள். அந்தப் பையன்களே ஒரு முன்னுரை எழுதியிருக்கிறார்கள். கற்பனை இல்லாதவர்கள் இதோடு நிறுத்திக்கொள்ளலாம் என்று மிரட்டிவிட்டு, ராத்திரி படுக்கையில் காரணமில்லாமல் ஏதாவது சத்தம் கேட்டால் எங்கள் விளக்கத்தையும் பரிசீலியுங்கள் என்கிற தோரணையில் போகும். அதைவிடத் தெம்பான முன்னுரையை எந்தப் பேராசிரியரும் எழுதித் தர மாட்டார். அடிக்குறிப்பு வேண்டாம். எழுத்துப்பிழைக்குப் பக்கத்தில் ‘மூலத்தில் உள்ளபடி’ என்று அடைப்புக்குறி போடவும் வேண்டாம். பிள்ளைகளுக்கு அது கேலி செய்வது போல இருக்கும்.

கிங்கோ செஸ்லியோ முழுத் தொகுப்புக்கும் சம்மதிக்கவில்லை என்றால், ஆளுக்கு இரண்டு கதையாவது. அதுவும் இல்லையென்றால் பொருளடக்கப் பக்கமும் அந்த முன்னுரையும் கிணற்றுக் கதையும் போதும், மூன்று தாள். என் வகுப்புச் சுவரில் ஒட்டிவைப்பேன்.

காணாமல் போன இரண்டு கதைகளைப் பற்றி ஒரு வேண்டுகோள். அவற்றை யாரும் ‘கற்பனையாக’ நிரப்ப வேண்டாம், கிங்கே முன்வந்தாலும் வேண்டாம். பொருளடக்கத்தில் தலைப்பு இருக்கட்டும், அந்தப் பக்கங்களை வெறுமையாக விட்டுவிடுங்கள். அங்கே என்ன வர வேண்டும் என்று எழுதிப் பார்க்க இங்கே ஆட்கள் இருக்கிறார்கள். சனிக்கிழமை காலை பத்து மணிக்கு வந்துவிடுவார்கள்.

இப்படிக்கு,
தமிழ்நாட்டிலிருந்து ஒரு கதை வாத்தியார்